இடைவெளி அச்சாவதில்லை

சுரங்கம் ஓடிய நாளில் வாங்கியது அந்த விளையாட்டுப் பெட்டி.
நான் பறக்கும் தட்டுகளைச் சுட்டுக்கொண்டிருந்தேன்,
ஹிப்பிங்கில் ரயில்கள் இரும்புமண் ஏற்றிக்கொண்டிருந்தன.
எண்பத்துமூன்றில் ரயில்கள் நின்றன.
தட்டுகள் மட்டும் வந்துகொண்டே இருந்தன.

"இதோடு ஒன்றைச் சொருகினால் கம்ப்யூட்டராம், ஆர்வோ,
இனி வேலையெல்லாம் அதில்தானாம்"
என்றார் கடைக்கார ரூடி ப்ரெலெஸ்னிக்.
ஆடம் என்று பெயர் வைத்திருந்தார்கள்,
முதல் மனிதனுக்கு வைத்த பெயர்.
அப்பா பனிவண்டியை விற்றார்.

மூன்று அட்டைப்பெட்டி.
விசைப்பலகை, கேசட் ஓடும் பெட்டி,
அம்மாவின் அடுப்பு அகலத்துக்கு ஒரு பிரின்டர்.
மின்சாரம் முழுக்கப் பிரின்டர் வழியாகத்தான்.
அது படுத்தால் மற்றதெல்லாம் கட்டை.
அச்சடிக்கத் தொடங்கியதும்
சமையலறை அலமாரியில் கோப்பைகள் நடந்தன.
"வீட்டுக்குள்ளேயே பாறை உடைக்கிறாயா?"
என்று அம்மா சிரித்தாள்,
அந்தக் குளிர்காலத்தில் ஒரே தடவை.

இருபத்திரண்டு வருடம் மண்வாரி எந்திரம் ஓட்டிய கை.
இரண்டு விரல்.
ஒரு எழுத்து, ஒரு மூச்சு, அடுத்த எழுத்து.
டுலூத், மில்வாக்கி, டெக்சாஸ்,
பார்த்தேயிராத ஊர்களுக்கெல்லாம்
முப்பத்தொரு கடிதம், ஒரே கேசட்டில்.

கையேட்டில் எழுதியிருந்தது:
கேசட் உள்ளே இருக்கும்போது சுவிட்சைப் போடாதீர்கள்.
எனக்குப் பதினொரு வயது.
போட்டேன்.

அவர் திட்டவில்லை.
வெறும் கேசட்டை இரண்டு முறை திருப்பிப் பார்த்தார்,
ரொட்டித்துண்டில் பூசணம் தேடுவதுபோல.
பிறகு கோட்டை மாட்டிக்கொண்டு வேலை தேடப் போனார்.

குப்பைக்கூடையில் தீர்ந்துபோன மைநாடா கிடந்தது.
ஒருமுறை அடிபட்ட இடத்தில் கரி உதிர்ந்து
எழுத்தின் வடிவில் வெளிச்சம் நிற்கும் நாடா.
ஜன்னலில் ஒட்டினேன். வெளியே பனி,
உள்ளே என் அப்பா, ஒரு விரற்கடை அகலத்தில்:

மதிப்பிற்குரியஐயாகனரகஎந்திரங்களில்எனக்கு

இடைவெளிக்கு நாடா நகராது.
எங்கே பிரிப்பதென்று நான்தான் பார்த்துக்கொள்ள வேண்டும்.
மூன்று நாள், பள்ளி விட்டதும், தட்டினேன்.
சொற்கள் அவருடையவை,
இடைவெளிகள் நான் போட்டவை.
"தாழ்மையுடன்" என்று வந்த இடங்களில்
கொஞ்சம் நின்றேன்.
அவர் வாயில் அந்தச் சொல்லைக் கேட்டதே இல்லை.

பத்தொன்பதாம் கடிதத்துக்குப் பிறகு
ஐயா இல்லை, ஊர் இல்லை:

வெர்னாநான்வேலைதேடிப்போகவில்லைகுழியோரம்வண்டியைநிறுத்திஉட்கார்ந்திருக்கிறேன்மாலைவரை

அச்சடித்திருக்கிறார். கோப்பைகள் நடந்திருக்கும்.
அந்தத் தாள் எங்கே போனதென்று
கணப்பு அடுப்புக்குத் தெரியும்.

இதைப் பிரிக்கத் தெரியாமலில்லை.
இருபதாவதற்குப் போய்விட்டேன்.

சனிக்கிழமையும் கிளம்பினார்.
"நானும் வரட்டுமா?"
பூட்ஸ் கயிற்றைக் கட்டி முடிக்கும்வரை பதில் இல்லை.
"குளிரும்" என்றார்.
அம்மா இரண்டு பொட்டலம் கட்டித் தந்தாள்.
பிளாஸ்கும் பெரிய பிளாஸ்க்.
எங்கே என்று கேட்கவில்லை,
எப்போதிலிருந்து கேட்கவில்லை என்று எனக்குத் தெரியாது.

குழி மூன்று மைல் நீளம். சிவப்பின் மேல் வெள்ளை.
அடியில் அவருடைய எந்திரம்,
கழுத்தைத் தொங்கப்போட்டு,
என் கட்டைவிரல் நகத்தளவு.
ஹீட்டர் ஓடியது. ரொட்டியில் வெங்காயம் அதிகம்.
"முப்பது கடிதமும் திரும்ப அடித்துவிட்டேன்" என்றேன்.
"முப்பத்தொன்று" என்றார் கண்ணாடியைப் பார்த்து.
"முப்பதுதான் இருந்தது, அப்பா."

வெகுநேரம் கழித்து, பிளாஸ்க் மூடியை என்னிடம் நீட்டினார்.
காபி.
அதுவரை எனக்குக் கொடுத்ததில்லை.